ஆட்கொணர்வு மனு போட்டால் பிள்ளையைத் திருப்பித் தருவார்களா?

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒரு வீட்டுப் பெண் தான் விரும்பியவரோடு போய்ப் பதிவுத் திருமணம் செய்துகொண்டால், மறுநாள் காலை அந்த வீட்டு விறாந்தையில் ஒரு மாமா கட்டாயம் சொல்வார்: "ஆட்கொணர்வு மனு ஒன்று போடுவம். கோர்ட்டே பிள்ளையைக் கொண்டுவந்து கையில தரும்." தமிழ்நாட்டுத் தொலைக்காட்சிச் செய்திகளில் அடிக்கடி வரும் விஷயம் என்பதால் அந்தப் பெயர் அவருக்கு நல்ல பழக்கம்.

பெண்ணை வீட்டார் கண்டுபிடித்துக் கூட்டிவந்து அறையில் பூட்டி வைத்தால், பையனின் கூட்டாளிகளும் அதையேதான் சொல்வார்கள்: "மனு போடு மச்சான், கோர்ட் அவளை உன்னோட அனுப்பிவிடும்."

இரண்டு பக்கமும் செய்வது ஒரே பிழை. பெண் ஒரு பொருள், அதற்கு உரிய ஆள் யார் என்று நீதிமன்றம் பார்த்துக் கொடுக்கும் என்று இருவருமே நினைக்கிறார்கள். வயது வந்த ஒருவரைப் பற்றிய ஆட்கொணர்வு வழக்கில் அப்படி எதுவும் நடப்பதில்லை.

அடகுக்கடைக் கேள்வி

செட்டியார் தெருவில் ஓர் அடகுக்கடையில் உங்கள் சங்கிலி இருப்பதாகக் கேள்விப்படுகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். நீங்கள் அதை அடகு வைத்ததே இல்லை. கடைக்காரரிடம் நீங்கள் கேட்பது இரண்டு விஷயம். முதலில் சங்கிலியை எடுத்து மேசையில் வையுங்கள். அடுத்தது, எந்தச் சீட்டின் பேரில் இதை வைத்திருக்கிறீர்கள் என்று காட்டுங்கள். முறையான சீட்டு இருந்தால் சங்கிலி கடையிலேயே இருக்கும். இல்லையென்றால் அதற்குப் பிறகு ஒரு நிமிடமும் அதை வைத்திருக்க முடியாது.

ஆட்கொணர்வு மனுவில் நீதிமன்றம் கேட்பதும் இந்த இரண்டுதான். ஆளைக் கொண்டுவா, எந்தச் சட்டத்தின் பேரில் வைத்திருக்கிறாய், சொல். கேட்பது எழுத்தாணை வடிவில் இருக்கும். எழுத்தாணை என்றால், ஓர் அதிகாரியோ தனி ஆளோ ஒன்றைச் செய்ய வேண்டும், அல்லது செய்யக்கூடாது என்று மேல்நிலை நீதிமன்றம் எழுத்தில் இடும் கட்டளை. பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு ஆளை வைத்திருப்பவருடையது. "அவளை நான் ஏன் விட வேண்டும்" என்று அவர் கேட்டு நிற்க முடியாது. ஏன் வைத்திருக்கிறேன் என்று அவர்தான் காரணம் காட்ட வேண்டும்.

அடகுக்கடை உதாரணம் இந்த இடம் வரைதான் வரும். சங்கிலிக்கு வாய் இல்லை. யாருடையது என்று யாராவது தீர்மானித்துத்தான் ஆக வேண்டும். வயது வந்த மனிதருக்கு வாய் உண்டு. ஆகவே சீட்டு இல்லை என்று தெரிந்த பிறகு நீதிமன்றம் அவரை மனுக் கொடுத்தவரிடம் ஒப்படைப்பதில்லை. "நீ போகலாம்" என்கிறது. அவர் காதலனோடு போகலாம், பெற்றோரோடு போகலாம், தோழி வீட்டுக்குப் போகலாம், இரண்டு பக்கமும் வேண்டாம் என்று பம்பலப்பிட்டியில் ஒரு விடுதி அறை எடுத்தும் தங்கலாம்.

நம் சட்டத்தில் இது எங்கே இருக்கிறது

இலங்கையின் 1978 அரசியலமைப்பின் 141ஆம் உறுப்புரை இந்த அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குக் கொடுக்கிறது. அது கொழும்பில், புதுக்கடையில் இருக்கிறது; அதன் அதிகாரம் தீவு முழுவதற்கும் செல்லும். 1987இல் 13ஆம் திருத்தம் வந்தபோது, 154P உறுப்புரை வழியாக மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் இதே அதிகாரம் கிடைத்தது. ஆனால் அந்தந்த மாகாணத்துக்குள் தடுத்து வைக்கப்பட்டிருப்பவர்களுக்கு மட்டும்.

இந்த நாட்டில் இந்த எழுத்தாணைக்குப் பழைய, பெருமையான ஒரு வரலாறு உண்டு. 1937இல் பிரேஸ்கேர்டில் என்ற இளைஞரை நாடு கடத்த ஆளுநர் ஸ்ரப்ஸ் உத்தரவிட்டார். ஆஸ்திரேலியாவிலிருந்து தேயிலைத் தோட்டத்துக்கு வேலை பழக வந்து, பிறகு இடதுசாரிக் கட்சியான சமசமாஜக் கட்சியில் சேர்ந்தவர் அவர். தோட்டத் தொழிலாளர்களுக்காக, அதாவது பெரும்பாலும் மலையகத் தமிழர்களுக்காக மேடையேறிப் பேசியதுதான் துரைமாரைச் சுட்டது. பொலிஸ் அவரைப் பிடித்ததும் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடப்பட்டது. பிரதம நீதியரசர் ஏப்ரஹாம்ஸ் தலைமையிலான ஆயம், ஆளுநர் பயன்படுத்திய அதிகாரம் அவசரகாலத்துக்கு உரியது, இங்கே அப்படி ஒரு நிலை இல்லை என்று சொல்லி அவரை விடுவித்தது. பேரரசின் ஆளுநரிடமே "சீட்டைக் காட்டு" என்று கேட்ட வழக்கு அது.

நம்மில் பலருக்கு இந்த மனு என்றதும் நினைவில் வருவது வேறு காட்சி: காணாமல் ஆக்கப்பட்டவர்களின் படங்களை ஏந்தி நிற்கும் தாய்மார். அதுவும் இதே எழுத்தாணைதான். 2009 மே மாதத்தில் இராணுவத்திடம் சரணடைந்தவர்களைப் பற்றி வவுனியா மேல் நீதிமன்றத்தில் 2013இல் குடும்பத்தினர் மனுக் கொடுத்தார்கள். முல்லைத்தீவு நீதவான் நீதிமன்றத்தில் விசாரணை நடந்து, தீர்ப்பு வர 2022 ஆயிற்று. அவசரத்துக்கென்று பிறந்த ஒரு வழக்கு இத்தனை ஆண்டுகள் இழுபட்டது, அதன் மீதான நம்பிக்கையை இந்த நாட்டில் எவ்வளவு குறைத்தது என்பதைத் தனியாக எழுத வேண்டும்.

வீட்டு அறையும் காவல்தான்

சரி, ஆளுநர், இராணுவம், பொலிஸ் எல்லாம் அரசு. அப்பா அம்மா அரசு இல்லையே?

பலர் தடுமாறுவது இந்த இடத்தில். 141ஆம் உறுப்புரை, அரசாங்கக் காவலிலோ தனியார் காவலிலோ சட்டவிரோதமாக, முறையற்ற விதத்தில் தடுத்து வைக்கப்பட்டவர் என்றுதான் சொல்கிறது. காவல் என்பதற்குச் சிறைக் கம்பி வேண்டும் என்றில்லை. ஒருவர் தான் நினைத்த நேரத்தில் எழுந்து வெளியே போக முடியாதபடி இன்னொருவரின் கட்டுப்பாட்டில் இருந்தால் அது காவல். கதவு பூட்டியிருக்கலாம். கதவு திறந்தே இருந்தும், அடையாள அட்டை, கடவுச்சீட்டு, கைத்தொலைபேசி மூன்றையும் பறித்துவைத்துவிட்டு வாசலில் அண்ணன் உட்கார்ந்திருக்கலாம்.

அடிப்படை உரிமை வழக்கோடு இதைக் குழப்பிக்கொள்ளக்கூடாது. 126ஆம் உறுப்புரையின் கீழ், நாட்டின் அதியுயர் நீதிமன்றமான உயர் நீதிமன்றத்துக்குப் போகும் அந்த வழக்கு அரசின் செயலுக்கு எதிரானது. ஒரு மாதத்துக்குள் போட வேண்டும். மகளைப் பூட்டிவைத்த தகப்பனுக்கு எதிராக அதைப் போட முடியாது. ஆட்கொணர்வு மனுவைப் போடலாம்.

தனியார் காவல் என்ற எண்ணம் புதிதும் அல்ல. இந்த எழுத்தாணை நமக்கு வந்தது ஆங்கிலேயரிடமிருந்து. அவர்களின் நாட்டில் 1891இல் ஜாக்சன் என்பவரின் வழக்கு நடந்தது. மனைவி அவரோடு வாழ மறுத்துத் தன் உறவினரோடு இருந்தார். சேர்ந்து வாழ வேண்டும் என்று கணவர் நீதிமன்றத் தீர்ப்பே வாங்கி வைத்திருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்திலிருந்து வெளியே வந்த மனைவியை ஆட்களோடு தூக்கி வண்டியில் ஏற்றிக்கொண்டுபோய்த் தன் வீட்டில் அடைத்தார். மனைவியின் உறவினர் ஆட்கொணர்வு மனுவோடு போனார்கள். கீழே தோற்று, மேன்முறையீட்டில் வென்றார்கள். கணவன் என்ற உறவு ஒரு பெண்ணை அடைத்துவைக்கும் உரிமையைத் தராது என்று அந்த நீதிமன்றம் சொன்னது. அந்தக் காலத்து இங்கிலாந்துப் பெரிய மனிதர்களில் பலருக்கு அது குடும்பமே இடிந்து விழுந்தது போல இருந்ததாம்.

கணவனுக்கே இல்லாத உரிமை அண்ணனுக்கும் மாமாவுக்கும் எங்கிருந்து வரும்?

இதுவரை சொன்னதைச் சுருக்கினால்: ஆட்கொணர்வு எழுத்தாணை ஆளைக் கொண்டுவரச் சொல்லும், காரணம் கேட்கும். அரசு வைத்திருந்தாலும் கேட்கும், வீட்டார் வைத்திருந்தாலும் கேட்கும். காரணம் இல்லையென்றால் ஆள் சுதந்திரமாகப் போகலாம்.

நீதிமன்றத்தில் என்ன நடக்கும்

மனுவைத் தடுத்து வைக்கப்பட்டவரே கொடுக்க வேண்டியதில்லை. பூட்டிய அறைக்குள் இருப்பவரால் எப்படிக் கொடுக்க முடியும்? அவருக்காக இன்னொருவர் கொடுக்கலாம். மனுவோடு ஒரு சத்தியக்கடதாசி, அதாவது சொல்வதெல்லாம் உண்மை என்று சத்தியம் செய்து கையெழுத்திட்ட கடதாசி, இணைக்கப்படும். யார் வைத்திருக்கிறார், எங்கே, எப்போதிருந்து, அது உங்களுக்கு எப்படித் தெரியும் என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும்.

நீதிமன்றம் ஆரம்பத்திலேயே திருப்தியடைந்தால் எதிர்த்தரப்புக்கு அறிவித்தல் அனுப்பி, குறித்த நாளில் ஆளை முன்னிலைப்படுத்தச் சொல்லும். உண்மை எது என்பதில் தகராறு இருந்தால், வசதியான ஒரு கீழ் நீதிமன்றத்தை விசாரித்து அறிக்கை தரச் சொல்லவும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு.

வயது வந்த ஒருவர் நீதிபதி முன் வந்துவிட்டால், உண்மையில் வழக்கு அந்த இடத்திலேயே பாதி முடிந்துவிடும். நீதிபதி அறிய வேண்டியது அவர் சுயவிருப்பத்தில் இருக்கிறாரா இல்லையா என்பதுதான். இரண்டு பக்கத்துச் சொந்தமும் சூழ நின்று முறைத்துக்கொண்டிருக்கும்போது கிடைக்கும் பதிலுக்குப் பெறுமதி குறைவு என்பது நீதிபதிகளுக்குத் தெரியும். ஆகவே தனியாகக் கூப்பிட்டுப் பேசுவதும் உண்டு. "நான் என் விருப்பத்தோடுதான் இவருடன் இருக்கிறேன்" என்று அவர் சொல்லி, அது மிரட்டலில் வந்த பதில் இல்லை என்று தெரிந்தால், மனுக் கொடுத்த தகப்பனுக்கு அதற்குப் பிறகு இந்த வழக்கில் எதுவும் இல்லை. பிள்ளை உயிரோடு, சுயமாக இருக்கிறாள் என்ற செய்திதான் அவருக்குக் கிடைக்கும். சிலருக்கு அதுவே பெரிய ஆறுதல் என்பதையும் சொல்ல வேண்டும்.

பெற்றோர் தரப்பில் வழக்கமாக வரும் வாதம் "பிள்ளைக்குப் புத்தி சரியில்லை, மயக்கிவிட்டார்கள்" என்பது. உண்மையிலேயே மனநோய் இருந்தால் நீதிமன்றம் மருத்துவ அறிக்கையைப் பார்க்கும். ஆனால் வேறு சாதியில், வேறு மதத்தில், சீதனம் பேசாமல் ஒருவரைப் பிடித்துப்போவது நோய் ஆகாது.

பதினெட்டு என்ற கோடு

இந்தக் கட்டுரை முழுக்க "வயது வந்தவர்" என்ற சொல் வருகிறது. இலங்கையில் அது 18. முன்பு 21 ஆக இருந்த பராய வயதை 1989ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டம் 18 ஆக்கியது. "இருபத்தொரு வயது வரைக்கும் அப்பா சொல்றதுதான்" என்று சொல்பவர்கள் அந்த ஆண்டுக்கு முந்திய சட்டத்தில் இருக்கிறார்கள்.

பதினெட்டுக்குக் கீழே கதை முழுக்க மாறும். அங்கே பிள்ளை எங்கே போக விரும்புகிறது என்பது மட்டும் போதாது. பிள்ளையின் நலன் எது என்று நீதிமன்றம் பார்க்கும், உரிய பாதுகாவலரிடம் ஒப்படைக்கவும் செய்யும். பிரிந்த தாய் தகப்பனுக்கிடையில் குழந்தையை யார் வைத்திருப்பது என்ற சண்டைகளும் ஆட்கொணர்வு மனுவாக வருவதுண்டு. "கோர்ட் பிள்ளையைக் கையில் தரும்" என்ற மாமாவின் பேச்சு அங்கிருந்து வந்திருக்கலாம். பத்து வயதுக் குழந்தைக்குப் பொருந்துவதை அவர் இருபத்துநான்கு வயது மருமகளுக்குப் பொருத்துகிறார்.

திருமணத்துக்கும் வயது 18தான். பொதுத் திருமணப் பதிவுச் சட்டம் 1995இல் திருத்தப்பட்ட பிறகு இருவருக்கும் 18 முடிந்திருக்க வேண்டும். பெற்றோர் சம்மதித்தாலும் அதற்குக் கீழே முடியாது என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவாக்கியும் இருக்கிறது. முஸ்லிம்களுக்கு 1951ஆம் ஆண்டின் தனிச் சட்டம் உண்டு. அதன் விதிகள் வேறு, அதைப் பற்றிய விவாதமும் வேறு. இங்கே அதற்குள் போகவில்லை.

கலியாணம் செல்லுமா என்பது வேறு வழக்கு

ஆட்கொணர்வு மனுவில் நீதிமன்றம் பார்ப்பது ஆளின் சுதந்திரம். திருமணம் செல்லுபடியாகுமா, கோவிலில் தாலி கட்டியது போதுமா, விவாகப் பதிவாளர் முறையாகப் பதிந்தாரா என்பதெல்லாம் வேறு நீதிமன்றத்தின் வேலை. இந்த இரண்டையும் ஒன்றாக்கினால் என்ன நடக்கும் என்பதற்கு இந்தியாவில் ஒரு பிரபலமான உதாரணம் உண்டு.

கேரளத்தில் ஓமியோபதி மருத்துவம் படித்த, இருபதுகளில் இருந்த ஒரு பெண் மதம் மாறினார். தகப்பன் 2016இல் ஆட்கொணர்வு மனுப் போட்டார். வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே அந்தப் பெண் தான் விரும்பிய ஒருவரைத் திருமணம் செய்தார். 2017 மே மாதத்தில் அந்த மாநிலத்தின் மேல் நீதிமன்றம் அந்தத் திருமணத்தையே செல்லாது என்று அறிவித்தது. இந்த வயதில் ஒரு பெண் பலவீனமானவள், சுலபமாகப் பயன்படுத்தப்படக்கூடியவள் என்ற எண்ணம் அந்தத் தீர்ப்பில் இருந்தது. அவர் பெற்றோர் வீட்டுக்கு அனுப்பப்பட்டு மாதக் கணக்கில் அங்கேயே இருந்தார். சுதந்திரத்துக்காக இருக்கும் எழுத்தாணை, வயது வந்த ஒருவரை அடைத்துவைக்கப் பயன்பட்ட விசித்திரம் இது.

உச்ச நீதிமன்றம் நவம்பரில் அவரை நேரில் கூப்பிட்டுக் கேட்டது. சேலத்திலிருந்த கல்லூரிக்குத் திரும்பிப் படிக்க அனுப்பியது. 2018 மார்ச்சில் திருமணத்தை மீட்டுக் கொடுத்தது. ஆட்கொணர்வு வழக்கில் இருந்துகொண்டு திருமணத்தை ரத்துச் செய்ய மேல் நீதிமன்றத்துக்கு இடமில்லை என்றது. யாரைத் துணையாகத் தேர்வது என்பது அந்த மனிதரின் சொந்த விஷயம், அரசுக்கும் சமூகத்துக்கும் அதில் வேலை இல்லை என்றும் எழுதியது.

அதே ஆண்டு இன்னொரு கேரள வழக்கும் வந்தது. இந்த வேறுபாட்டைப் புரிந்துகொள்ள அது இன்னும் நல்லது. இந்தியாவில் ஆணுக்குத் திருமண வயது 21. பெண்ணுக்கு 18 தாண்டியிருந்தது, பையனுக்கு 21 ஆகவில்லை. மேல் நீதிமன்றம் பெண்ணைத் தகப்பனிடம் ஒப்படைத்தது. உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. திருமணத்தில் குறை இருந்தால் இருக்கட்டும், பெண் வயது வந்தவள், யாரோடு வாழ்வது என்பதை அவளே தீர்மானிக்கலாம் என்றது.

இந்தியத் தீர்ப்புகள் நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. எடுத்துக்காட்டி வாதாடலாம், அவ்வளவுதான். நம் அரசியலமைப்பில் "துணையைத் தேர்ந்தெடுக்கும் உரிமை" என்று தனியாக ஒரு வரி கிடையாது. ஆனால் நடமாடவும் தான் வசிக்கும் இடத்தைத் தெரிவு செய்யவும் உள்ள சுதந்திரம் 14ஆம் உறுப்புரையில் இருக்கிறது. சுதந்திரமான முழுச் சம்மதம் இல்லாமல் திருமணம் கூடாது என்று சொல்லும் சர்வதேச உடன்படிக்கையில் இலங்கை 1980இலேயே சேர்ந்தது. 18 தாண்டியவரின் பதிவுத் திருமணத்துக்குப் பெற்றோர் கையெழுத்தும் சட்டத்தில் கேட்கப்படுவதில்லை. இவற்றை ஒன்றாக வைத்துப் பார்த்தால், பிடிக்காத ஒருவரைக் கட்டினாள் என்பது ஒருவரை அறைக்குள் வைத்திருக்கும் "சீட்டு" ஆகவே முடியாது என்பது என் வாசிப்பு.

சுருக்கமாக: 18க்கு மேல் என்றால் ஆளின் விருப்பம் தீர்மானிக்கும், கீழ் என்றால் பிள்ளையின் நலன் தீர்மானிக்கும். திருமணம் செல்லுமா செல்லாதா என்பது இரண்டையும் விட்டுத் தனியாக நிற்கும் கேள்வி.

இந்த மனு உதவாத இடங்கள்

ஆள் எங்கே என்றே தெரியவில்லை, யார் வைத்திருக்கிறார் என்றும் தெரியவில்லை என்றால் இது தேடிக் கண்டுபிடிக்கும் கருவி அல்ல. முதலில் பொலிஸில் முறைப்பாடு செய்ய வேண்டும். பொலிஸ் தேடிப் பிடித்தபோது வயது வந்த பெண் "நான் விரும்பித்தான் போனேன்" என்று சொன்னால், அவளைக் கட்டாயப்படுத்தி வீட்டுக்கு அனுப்பப் பொலிஸுக்கு அதிகாரம் இல்லை. நடைமுறையில், நிலையத்தில் உட்காரவைத்து மணிக்கணக்கில் "அம்மா அழுறா, போ பிள்ளை" என்று புத்தி சொல்வது நடக்கிறது. அது கரிசனையில் வருவதாகவே இருக்கட்டும். சட்டத்தில் அதற்கு இடமில்லை. அந்தப் பையன் மேல் நகை திருட்டு என்று ஒரு என்ட்ரி போட்டுவைப்பதும் பழைய தந்திரம். அது வேறு வழக்கு, அதற்கு வேறு பதில் சொல்ல வேண்டும்.

ஆளை லண்டனுக்கோ டொரொன்டோவுக்கோ அனுப்பிவிட்டால் புதுக்கடையின் கை அங்கே நீளாது. அந்த நாட்டுச் சட்டத்தைத்தான் பிடிக்க வேண்டும். இங்கிலாந்தில் கட்டாயத் திருமணத்தைத் தடுக்கவென்றே 2007இல் கொண்டுவந்த தனிச் சட்டம் உண்டு.

பிறகு, விடுதலை கிடைத்த மறுநாள் வரும் மிரட்டலை இந்த மனு தடுக்காது. அதற்கு 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. கணவனுக்கு எதிராக மட்டும்தான் அதைப் பயன்படுத்தலாம் என்று பலர் நினைக்கிறார்கள். தாய், தகப்பன், சகோதரர்களுக்கு எதிராகவும் நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கேட்கலாம். உடனடி ஆபத்து என்றால் எந்த மனுவும் எழுத நேரமில்லை. பொலிஸ் அவசர இலக்கம் 119, பெண்களுக்கான உதவி இலக்கம் 1938. ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்துவைப்பது தண்டனைச் சட்டக்கோவையின் கீழ் குற்றம் என்பதை, அடைத்துவைத்திருக்கும் குடும்பத்துக்கு யாராவது நிதானமாக எடுத்துச் சொன்னாலே சில கதவுகள் திறந்துவிடும் என்று நினைக்கிறேன்.

சட்டத்தரணியிடம் போகும்போது

காசு இல்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவைக் கேட்கலாம்; அதன் தலைமையகம் புதுக்கடையில்தான் இருக்கிறது. எங்கே போனாலும் முதலில் கேட்கப்படுவது வயது. பிறப்பு அத்தாட்சிப்பத்திரத்தின் பிரதியோ அடையாள அட்டையின் பிரதியோ இருந்தால் கொண்டுபோங்கள். திருமணம் பதிவாகியிருந்தால் அதன் பிரதியும் உதவும், ஆனால் அது இல்லாததால் மனு நின்றுவிடாது. "என்னை வெளியே விடுறாங்க இல்லை" என்று வந்த குறுஞ்செய்தி, வாட்ஸ்அப் குரல்பதிவு எதையும் அழித்துவிடாதீர்கள். எந்த நாள், எந்த நேரம் வந்தது என்பது தெரியும்படி வைத்திருங்கள்.

ஆளை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று கடைசியாகக் கேள்விப்பட்ட இடத்தையும் எழுதிக்கொடுங்கள். கொழும்புப் பெண்ணை யாழ்ப்பாணத்தில் பெரியம்மா வீட்டுக்குக் கொண்டுபோயிருந்தால், மேல் மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போவதில் பயனில்லை. வட மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும், அல்லது இங்கேயே மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு வரலாம்.